மெத்தனோஜென்: ஒரு சொல்லும் அணைந்துபோன அடுப்பும்

மகாராஷ்டிரத்தின் சதாரா மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றில், ஒரு விவசாயக் குடும்பத்தின் கொல்லைப்புறத்தில் சாண எரிவாயுக் கலன் ஒன்று இருந்தது. குழியின் மேல் இரும்புத் தொப்பி மிதக்கும் பழைய வகை. வாயு சேரச் சேரத் தொப்பி மேலெழும். அடுப்பு எரிய எரியக் கீழிறங்கும். ஒரு டிசம்பர் மாதக் காலையில் தொப்பி வழக்கத்தைவிட உயர்ந்து நின்றது. ஆனால் அடுப்பைத் திறந்து தீக்குச்சியைக் காட்டியபோது சுடர் பிடிக்கவில்லை. வாயு சீறிக்கொண்டு வந்தது, எரிய மறுத்தது. கலனிலிருந்து வெளியேறிய கரைசலில் புளித்த வாடை வீசியது.

அவ்வீட்டின் மகள் அப்போது பன்னிரண்டாம் வகுப்பில் உயிரியல் படித்துக்கொண்டிருந்தார். குளிர் தொடங்கியதும் வாயு குறைந்துவிட்டது என்று தந்தை சொன்னபோது, அதற்கு வழி சொன்னவரும் அவரே. மெத்தனோஜென்கள் எனப்படும் பாக்டீரியாக்கள் செல்லுலோசை உண்டு மீத்தேன் தருகின்றன என்று பாடநூல் சொல்லியிருந்தது. உண்பவற்றுக்கு உணவைக் கூட்டினால் விளைவும் கூடத்தானே வேண்டும்? தந்தை சாணத்தை இரட்டிப்பாக்கினார். நறுக்கிய தீவனத் தட்டையைச் சேர்த்தார். வெல்லம் காய்ச்சும் இடத்திலிருந்து பாகுக் கழிவையும் கொண்டுவந்து ஊற்றினார். பத்து நாளில் அடுப்பு அணைந்தது. அதன்பின் ஒன்றரை மாதம் தாய் விறகுப் புகையில் பாக்ரி சுட்டார். மகளின் கணக்கில் பிழையில்லை. அவர் நம்பிய சொல்லின் பொருளில்தான் பிழை இருந்தது. அது அவருக்குப் புரியச் சில ஆண்டுகள் ஆயின.

நம் நாட்டு மாணவர்கள் பல ஆண்டுகளாகப் படித்துவரும் உயிரியல் பாடநூல்களில் மெத்தனோஜென் என்னும் சொல் இரண்டு இடங்களில் வருகிறது. பதினோராம் வகுப்பில் அவை ஆர்க்கிபாக்டீரியாக்கள் என்றும், மாடு போன்ற அசைபோடும் விலங்குகளின் குடலில் வாழ்பவை என்றும் அறிமுகமாகின்றன. பன்னிரண்டாம் வகுப்பில், செல்லுலோசுப் பொருள்களின் மேல் காற்றின்றி வளர்ந்து மீத்தேன் தரும் பாக்டீரியாக்களின் கூட்டுப்பெயராக அதே சொல் வருகிறது. இரண்டையும் ஒரே மாணவிதான் படிக்கிறார். நுழைவுத் தேர்வுக்காக இரண்டையும் மனப்பாடம் செய்துகொள்கிறார். இவை ஒன்றோடொன்று பொருந்தவில்லையே என்று கேட்க அவருக்கு நேரம் தரப்படுவதில்லை.

முதுகலை முடித்துப் புனேயில் ஆய்வு மாணவியாகச் சேர்ந்தபோது அவருக்குக் கிடைத்த முதற்பணி, சாணக் கரைசலிலிருந்து மெத்தனோஜென்களை வளர்த்தெடுப்பது. ஆக்சிஜன் நீக்கப்பட்ட ஊடகம் நிறைந்த கண்ணாடிக் குப்பி, இறுக்கி மூடிய ரப்பர் அடைப்பான், உள்ளே ஹைட்ரஜனும் கார்பன் டை ஆக்சைடும். மூத்த ஆய்வாளர் அக்குப்பியில் பெனிசிலின் சேர்க்கச் சொன்னார். பாக்டீரியாவைக் கொல்லும் மருந்தைச் சேர்த்தால் வளர்க்க வேண்டியதே செத்துவிடாதா என்று மாணவி தயங்கினார். செத்துப்போவன பாக்டீரியாக்கள்; மெத்தனோஜென்கள் பாக்டீரியாக்கள் அல்ல என்பதே விடை. பெனிசிலின் தாக்குவது பெப்டிடோகிளைக்கான் என்னும் பொருள் உருவாவதை. பாக்டீரியாவின் சுவர் அதனால் ஆனது. மெத்தனோஜென்களிடம் அது இல்லை. சில வாரங்கள் கழித்து அக்குப்பியின் வாயுவைச் சோதித்தபோது மீத்தேன் இருந்தது. பாடநூலின் ஒரு வரியை அந்தக் குப்பி மறுத்துவிட்டது.

அச்சொல்லின் வரலாற்றை அவர் தேடிப் படிக்கத் தொடங்கியது அதன் பின்னர்தான். ‘ஜென்’ என்னும் கிரேக்க ஈற்றுக்குப் பிறப்பிப்பது, ஆக்குவது என்று பொருள். நீரை ஆக்குவது ஹைட்ரஜன். அமிலத்தை ஆக்குவது ஆக்சிஜன். எல்லா அமிலங்களுக்கும் ஆக்சிஜனே காரணம் என்று லவோசியே நம்பியதால் வந்த பெயர் அது. நம்பிக்கை தவறென்று பின்னர் தெரிந்தது, பெயர் நிலைத்துவிட்டது. பெயர்கள் அவற்றை இட்டவரின் அறிவையும் அறியாமையையும் சேர்த்தே சுமந்து வருகின்றன.

மீத்தேனின் வரலாற்றிலும் இது நடந்தது. 1776-இல் இத்தாலியின் மஜ்ஜோரே ஏரிக்கரைச் சேற்றைக் கிளறி, எழுந்த குமிழிகளைச் சேகரித்து, அவை தீப்பற்றுவதை வோல்ட்டா காட்டினார். அவ்வாயுவை ஆக்குபவை நுண்ணுயிர்கள் என்பது பின்னர் தெரியவந்ததும் ‘மீத்தேன் பாக்டீரியா’ என்ற பெயர் வழக்கில் வந்தது. அப்பெயர் இரண்டு வகையில் இடறியது. மீத்தேனை ஆக்குபவையும் உண்டு, அதை உண்டு வாழ்பவையும் உண்டு. ‘மீத்தேன் பாக்டீரியா’ என்றால் எது? ஆக்குவதை மெத்தனோஜென் என்றும், உண்பதை மெத்தனோட்ரோஃப் என்றும் பிரித்தபோது இக்குழப்பம் தீர்ந்தது. அவை உண்மையில் பாக்டீரியாதானா என்ற இரண்டாவது கேள்வி அப்போது எவருக்கும் எழவில்லை.

அதற்கு முன்பே வேறொரு பாடம் காத்திருந்தது. கலிஃபோர்னியாவில் பார்க்கர் என்னும் அறிஞர் எத்தனாலை மீத்தேனாக மாற்றும் நுண்ணுயிர் ஒன்றைத் தனி வளர்ப்பாகப் பிரித்தெடுத்ததாக 1940-இல் அறிவித்தார். ரஷ்ய அறிஞர் ஒமெலியான்ஸ்கியின் பெயர் அதற்கு இடப்பட்டது. ஏறத்தாழக் கால் நூற்றாண்டு அது ஓர் உயிராகவே கருதப்பட்டது. இல்லினாய் பல்கலைக்கழகத்தில் மார்வின் பிரையன்ட் அவ்வளர்ப்பை ஹைட்ரஜனில் வளர்த்துப் பார்த்தார். அங்கு வளர்ந்தது மீண்டும் எத்தனாலில் வளர மறுத்தது. 1967-இல் பிரையன்ட்டும் ரால்ஃப் வுல்ஃபும் வோலின் இணையரும் உண்மையை வெளியிட்டனர்: குப்பியில் இருந்தவை இரண்டு உயிர்கள். ஒன்று எத்தனாலை உண்டு அசிட்டேட்டையும் ஹைட்ரஜனையும் வெளியேற்றியது. மற்றொன்று அந்த ஹைட்ரஜனைக்கொண்டு மீத்தேன் ஆக்கியது. முதலாவதைத் தனியே விட்டால் தான் வெளியேற்றிய ஹைட்ரஜன் பெருகப் பெருகத் தானே தேங்கி நின்றது. இரண்டாவது அதை அகற்றினால்தான் முதலாவது வாழ முடியும்.

மாணவி இக்கட்டுரையைப் படித்தபோது அவர் நினைவுக்கு வந்தது கொல்லைப்புறத்து இரும்புத் தொப்பி. சாணத்திலும் தட்டையிலும் உள்ள செல்லுலோசை மெத்தனோஜென் தொடுவதில்லை. அதை உடைப்பவை பாக்டீரியாக்கள். உடைத்த சர்க்கரையைக் கொழுப்பு அமிலங்களாகவும் அசிட்டேட்டாகவும் ஹைட்ரஜனாகவும் கார்பன் டை ஆக்சைடாகவும் மாற்றுபவையும் பாக்டீரியாக்களே. பந்தியின் கடைசியில் வந்து அமரும் மெத்தனோஜெனுக்கு உரியவை மிகச் சில: ஹைட்ரஜனும் கார்பன் டை ஆக்சைடும், அசிட்டேட், ஃபார்மேட், மெத்தனால் போன்ற எளிய பொருள்கள். சாணக் கலனில் உருவாகும் மீத்தேனில் பெரும்பங்கு அசிட்டேட்டிலிருந்தே வருகிறது. அதைச் செய்ய வல்லவையாக நன்கு அறியப்பட்டவை மெத்தனோசார்சினா, மெத்தனோத்ரிக்ஸ் என்னும் இரண்டே பேரினங்கள். அவை மெல்லப் பெருகுபவை. குளிரில் இன்னும் மெல்ல. வெல்லப்பாகை ஊற்றியதும் அமிலம் ஆக்கும் பாக்டீரியாக்கள் சில மணி நேரத்தில் பெருகிவிடும். அந்த அமிலத்தை உண்டு தீர்க்க மெத்தனோஜென்களால் இயலாது. அமிலம் ஏற ஏற அவை மேலும் முடங்கும். அன்று தொப்பியை உயர்த்தியது பெரும்பாலும் கார்பன் டை ஆக்சைடு. அதனால்தான் வாயு இருந்தும் சுடர் இல்லை.

‘செல்லுலோசை உண்ணும் பாக்டீரியா’ என்று நம்பியவர் உணவைக் கூட்டினார். ‘பிறர் விட்டதை மெதுவாக உண்டு முடிக்கும் உயிர்’ என்று அறிந்தவர் உணவை நிறுத்தியிருப்பார்; நன்றாக எரியும் அண்டை வீட்டுக் கலனிலிருந்து சில குடம் கரைசல் கொண்டுவந்து ஊற்றிவிட்டுக் காத்திருப்பார். இரண்டு வரையறைகளும் இரண்டு எதிரெதிர்ச் செயல்களுக்கு இட்டுச்செல்கின்றன.

1970-களில் கார்ல் வோஸ் இல்லினாயில் நுண்ணுயிர்களின் ரைபோசோம் ஆர்.என்.ஏ. துண்டுகளை ஒப்பிட்டுக்கொண்டிருந்தார். வுல்ஃபின் ஆய்வகத்திலிருந்து வந்த மெத்தனோஜென் ஒன்றின் துண்டுகள் எந்த பாக்டீரியாவோடும் சேரவில்லை. 1977-இல் வோஸும் ஜார்ஜ் ஃபாக்ஸும் இவை உயிரினத்தின் தனியொரு கிளை என்று அறிவித்தனர். செய்தி நாளிதழ்களின் முதற்பக்கம்வரை போயிற்று. அறிஞர் பலர் நம்பவில்லை. நோபல் பரிசு பெற்ற லூரியா தொலைபேசியில் அழைத்து, இந்தக் கூற்றிலிருந்து விலகிக்கொள்ளுமாறு தம்மை எச்சரித்ததாக வுல்ஃப் பின்னாளில் எழுதினார். அப்போது இட்ட பெயர் ஆர்க்கிபாக்டீரியா. அதிலும் ‘பாக்டீரியா’ ஒட்டிக்கொண்டிருப்பது குழப்பம் தரும் என்று 1990-இல் வோஸும் காண்ட்லரும் வீலிஸும் அதை ஆர்க்கியா என்று மாற்றினர். ஆனால் மெத்தனோபாக்டீரியம் என்னும் பேரினப் பெயர் இன்றும் அப்படியே இருக்கிறது. பெயரிடும் விதிகளின்படி முன்பு இட்ட பெயரே செல்லும். ஆகவே பாக்டீரியம் என்று பெயர் கொண்ட ஓர் உயிர் பாக்டீரியா அல்லாததாக வாழ்கிறது. ஆக்சிஜனுக்கு நேர்ந்ததே இதற்கும் நேர்ந்தது.

அறியப்பட்ட மெத்தனோஜென்கள் அனைத்தும் ஆர்க்கியாக்கள்; ஆனால் ஆர்க்கியாக்கள் அனைத்தும் மெத்தனோஜென்கள் அல்ல. உப்பளங்களில் வாழ்பவையும் வெந்நீர் ஊற்றுகளில் வாழ்பவையும் அதே கிளையில் உண்டு. மெத்தனோஜென்களும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை அல்ல. பல வரிசைகளில் சிதறிக் கிடப்பவை. ஆகவே அச்சொல் குலத்தைக் குறிக்கவில்லை, பிழைப்பைக் குறிக்கிறது. மீத்தேனை வெளியிடும் எல்லாமே மெத்தனோஜென் ஆகிவிடுவதும் இல்லை. சயனோபாக்டீரியாக்கள் சிறிதளவு மீத்தேன் வெளியிடுவதாக 2020-இல் ஓர் ஆய்வு காட்டியது. மீத்தேன் அவற்றின் பிழைப்பு அல்ல. கடலடிச் சேற்றில் வாழும் சில ஆர்க்கியாக்கள், மெத்தனோஜென்களிடம் உள்ள அதே நொதியைப் பின்னோக்கி இயக்கி மீத்தேனை உண்கின்றன. உறவால் நெருங்கியவை, தொழிலால் எதிரானவை. மீத்தேன் ஆக்குவதன் மூலமே தன் ஆற்றலைப் பெறும் உயிர் என்பதுதான் மெத்தனோஜெனின் சரியான பொருள்.

இந்தப் பொருளின் விலை ஒரு வீட்டு அடுப்போடு முடிவதில்லை. 1990-ஐ ஒட்டிய ஆண்டுகளில், இந்திய நெல்வயல்கள் ஆண்டுக்கு ஏறத்தாழ 3.8 கோடி டன் மீத்தேன் வெளியிடுவதாக அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமையின் மதிப்பீடு ஒன்று சொன்னது. வேறு நாட்டு வயல்களின் அளவை இந்திய வயல்களின் பரப்பால் பெருக்கிப் பெற்ற எண் அது. 1991-இல் டெல்லி தேசிய இயற்பியல் ஆய்வகத்தைச் சேர்ந்த ஏ. பி. மித்ராவின் முன்முயற்சியில் நாட்டின் பல பகுதி வயல்களில் நேரடியாக அளந்தபோது கிடைத்தது ஏறத்தாழ 40 லட்சம் டன். பத்தில் ஒரு பங்கு.

வேறுபாட்டின் காரணம் அச்சொல்லுக்குள் இருக்கிறது. மீத்தேனை ஆக்குவது நெல் அன்று, வயலும் அன்று. நீர் தேங்கி, ஆக்சிஜன் தீர்ந்து, மண்ணிலுள்ள நைட்ரேட்டும் இரும்பும் சல்ஃபேட்டும் பயன்பட்டு முடிந்த பின்னரே மெத்தனோஜெனுக்கு இரை மிஞ்சுகிறது. அதுவரை ஹைட்ரஜனையும் அசிட்டேட்டையும் வேறு நுண்ணுயிர்கள் முந்திக்கொள்கின்றன. மழையை நம்பிய வயலும் இடையில் காயும் வயலும் அதற்கு அந்த வாய்ப்பைப் பெரிதாகத் தருவதில்லை. இதை அறிந்தால் உழவரைக் குற்றவாளியாக்க வேண்டியதில்லை. பருவத்தின் நடுவே சில நாள் நீரை வடித்துக் காயவிடுவது போன்ற வழிகளைப் பேசலாம்.

தமிழில் இவ்வுயிர்களை ‘மீத்தேன் பாக்டீரியா’ என்று எழுதும் வழக்கம் இன்னும் இருக்கிறது. மெத்தனோஜென் என்றே எழுதலாம். மீத்தேனாக்கி என்றும் எழுதலாம். எப்படி எழுதினாலும் அது பாக்டீரியா அல்ல என்பதையும், சாணத்தை நேராக உண்பதில்லை என்பதையும் ஓர் ஆசிரியர் வகுப்பில் சேர்த்துச் சொல்ல இரண்டு நிமிடம் போதும்.

அந்த மாணவியின் ஆய்வேடு இப்போது எழுத்துநிலையில் இருக்கிறது. கொல்லைப்புறத்துக் கலனும் இயங்குகிறது. சென்ற குளிர்காலத்தில் வாயு குறைந்தபோது தந்தை அழைத்து இன்னும் கொஞ்சம் போடலாமா என்று கேட்டார். வேண்டாம், குறைத்துப் போடுங்கள், குளிர் விலகட்டும் என்றார் மகள். அடுப்பு சிறு சுடரோடு எரிந்தது, அணையவில்லை.