அவர் ஓட்டிய லாரி

எங்கள் வீட்டுக் கணினியில் இடம் தீர்ந்துவிட்டது என்று இளைய மகன் வந்து சொன்னபோது, எனக்கு அது பெரிய செய்தியாகத் தோன்றவில்லை. முப்பத்தொரு ஆண்டுகள் தொடக்கப் பள்ளிகளில் ஆசிரியையாகப் பணியாற்றியவள் நான். மாற்றல் உத்தரவு வரும்போதெல்லாம் மூட்டை கட்டிக்கொண்டு ஏழு ஊர்களில் வாடகைக்குக் குடியிருந்திருக்கிறேன். இடப் பற்றாக்குறை எனக்குப் பழகிப்போன ஒன்று. “வேண்டாததைக் கழித்துவிட்டு, வேண்டியதை அடுத்த அறைக்கு மாற்றிவிடு தம்பி” என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டேன். 2024-ஆம் ஆண்டு டிசம்பர் விடுமுறையில் நடந்தது இது. நான் சொன்னதை அவன் சொன்னபடியே செய்தான். அதனால்தான் இதை எழுத நேர்ந்தது.

அந்தக் கணினியில் இருந்தது 120 ஜி.பி. அளவுள்ள ஒரு சிறிய எஸ்.எஸ்.டி. டிரைவ். பெட்டியில் 120 என்று அச்சிட்டிருப்பார்கள். திரையிலோ 111 என்றுதான் காட்டும். விற்கிறவர்கள் நூறு கோடி பைட்டை ஒரு ஜி.பி. என்று கணக்கிடுகிறார்கள், விண்டோஸ், 1024-ஐ மும்முறை பெருக்கி வரும் நூற்றேழு கோடிக்கும் மேற்பட்ட பைட்டை ஒரு ஜி.பி. என்கிறது. கடைக்காரரின் படியும் வீட்டுப் படியும் வேறுபடுவது போலத்தான். இதில் ஏமாற்று ஏதுமில்லை. அந்த 111-இல் பாதியை விண்டோஸும் அதன் பரிவாரங்களும் எடுத்துக்கொண்டன. மிச்சத்தில் நிறைந்திருந்தவை விளையாட்டுகள். திரையில் ‘சி’ என்று குறித்த டிரைவின் கோடு சிவந்து போயிருந்தது.

சின்னவன் ஞாயிற்றுக்கிழமைகளில் ஒரு ஜெராக்ஸ் கடையில் வேலை செய்து சேர்த்த பணத்தில் 500 ஜி.பி. டிரைவ் ஒன்று வாங்கி வந்திருந்தான். அது 465 என்று காட்டியது. அதற்கு ‘டி’ என்று பெயர். விளையாட்டுகளை அழித்துவிட்டுப் புதிய டிரைவில் மறுபடி இறக்கிக்கொள்ளலாமே என்று கேட்டேன். மொத்தம் 48 ஜி.பி. இருக்கிறதாம். எங்கள் இணையம் கைப்பேசி வழியாக வருவது. நாளொன்றுக்கு 2 ஜி.பி. அப்படியானால் 24 நாள். இடம் மாற்றினாலோ கால் மணி நேர வேலை.

முதலில் அவன் ஒரு தவறு செய்தான். விளையாட்டு இருந்த கோப்புறையை வெட்டி எடுத்துப் புதிய டிரைவில் ஒட்டிவிட்டான். விளையாட்டுகளை வாங்கித் தந்து காத்துவரும் ஸ்டீம் என்னும் மென்பொருள், “இப்படியொரு விளையாட்டு உங்களிடம் இல்லையே, இறக்கட்டுமா?” என்று கேட்டது. ஒவ்வொரு விளையாட்டும் எங்கே குடியிருக்கிறது என்பதை அது ஒரு சிறு பதிவுக் கோப்பில் எழுதி வைத்துக்கொள்கிறது. தபால்காரரிடம் சொல்லாமல் வீடு மாறினவனுக்குக் கடிதம் எப்படி வந்து சேரும்? கோப்புறையைப் பழைய இடத்திலேயே வைத்துவிட்டு, ஸ்டீமின் அமைப்புகளுக்குள் ‘ஸ்டோரேஜ்’ என்னும் பகுதியில் புதிய டிரைவைச் சேர்த்து, விளையாட்டுகளைத் தேர்ந்து, ‘மூவ்’ என்பதை அழுத்தினான். பொருள்களோடு பதிவும் சேர்ந்து போயிற்று. இதுவரை எல்லாம் சரியாகவே நடந்தது.

அந்த விளையாட்டுகளுள் ஒன்று என் கணவர் ஓட்டிய லாரி.

அதற்கு ‘யூரோ டிரக் சிமுலேட்டர் 2’ என்று பெயர். செக் நாட்டு நிறுவனம் ஒன்று 2012-ஆம் ஆண்டில் வெளியிட்டது. சுடுவதும் வெட்டுவதும் அதில் இல்லை. ஐரோப்பாவில் ஓர் ஊரில் சரக்கு ஏற்றி இன்னோர் ஊரில் இறக்கவேண்டும், அவ்வளவுதான். வழியில் டீசல் போடவேண்டும். கண்ணயர்ந்தால் வண்டியை ஓரங்கட்டி உறங்கவேண்டும். சிவப்பு விளக்கைத் தாண்டினால் அபராதம். என் கணவர் இருபத்தெட்டு ஆண்டுகள் நாமக்கல் முதலாளி ஒருவருடைய லைன் வண்டியில் ஓட்டுநராக இருந்தவர். நாசிக் வெங்காயமும் குஜராத் உப்பும் ஏற்றி வந்தவர். 2018-இல் சர்க்கரை நோய் கண்ணைத் தாக்கியது. உரிமம் புதுப்பிக்க முடியாமல் வீட்டோடு இருந்துவிட்டார். வேலை நின்ற ஆண்பிள்ளை வீட்டில் இருப்பது எப்படி இருக்கும் என்பது சில தாய்மார்களுக்குத் தெரிந்திருக்கும். நாற்காலியைக்கூடச் சாலையைப் பார்த்தே போட்டுக்கொள்வார்.

2020-இல் ஊரடங்கு வந்தபோது சின்னவன்தான் அவரைக் கணினியின் முன் உட்கார வைத்தான். பெரிய திரையும் அருகில் இருந்த நாற்காலியும் அவருடைய கண்ணுக்கு ஒத்துக்கொண்டன. முதல் நாள் பத்து நிமிடத்தில் எழுந்துவிட்டார். அந்த நாடுகளில் வண்டிகள் வலப்பக்கம் போகின்றன. அவருக்குத் தலை சுற்றியது. மறுநாள் பையன் இங்கிலாந்தின் டோவர் துறைமுகத்தில் அவருக்கு இருப்பிடம் அமைத்துக் கொடுத்தான். அங்கே நம்மைப் போல இடப்பக்கம். அதன் பிறகு இருவேளைச் சாப்பாட்டுக்கும் நான் கூப்பிடவேண்டியதாயிற்று.

சரக்கைச் சேர்த்த பின் பின்னோக்கி எடுத்து, இழுவைப் பெட்டியைக் குறித்த கட்டத்துக்குள் நிறுத்தவேண்டும். கடினமாக இருந்தால் அதை விட்டுவிடவும் வழி உண்டு. பிள்ளைகள் இருவரும் விட்டுவிடுவார்கள். இவரோ பக்கக் கண்ணாடியை ஒருமுறை பார்ப்பார், ஒரே ரிவர்ஸில் நிறுத்துவார். “கிளீனர் இல்லாமலே நிறுத்திவிட்டேன், பார்த்தாயா?” என்று என்னைத் திரும்பிப் பார்ப்பார். அந்த முகத்தை நான் இரண்டு ஆண்டுகளாகப் பார்த்திருக்கவில்லை.

அந்த விளையாட்டில் தொடக்கத்தில் பிறருடைய வண்டியைத்தான் கூலிக்கு ஓட்டவேண்டும். கொஞ்சம் சேர்ந்ததும் வங்கியில் கடன் வாங்கிச் சொந்த லாரி எடுக்கலாம். தவணை நாள்தோறும் கழியும். இருபத்தெட்டு ஆண்டுகளில் அவர் சொந்த வண்டி எடுத்ததில்லை. இரண்டு பிள்ளைகளின் படிப்பும், என் நாத்தனாரின் திருமணமும், ஒவ்வொன்றாக வந்து முன்னே நின்றுவிட்டன. ஆகவே அவர் ஒரு லட்சம் யூரோ கடன் வாங்கி ஒரு நீல லாரி எடுத்த அன்று வீட்டில் சர்க்கரை போடாத பாயசம் வைத்தேன் என்று சொன்னால் நீங்கள் சிரிக்கக்கூடாது. நிறுவனத்தின் பெயர் கேட்ட இடத்தில் என் பெயரைத் தட்டெழுதச் சொன்னார். 2022-ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் கடைசித் தவணை கழிந்தது. ஆகஸ்டில் அவர் இறைவனடி சேர்ந்தார்.

அதன்பின் அந்த விளையாட்டை யாரும் திறக்கவில்லை. அழிக்கவும் இல்லை.

இனி அந்த டிசம்பர் நாளுக்கு வருகிறேன். விளையாட்டுகள் ‘டி’க்குப் போன பிறகும் ‘சி’யில் எதிர்பார்த்த அளவு இடம் கிடைக்கவில்லை. சின்னவன் துழாவிப் பார்த்தான். ‘டாக்குமென்ட்ஸ்’ என்னும் கோப்புறைக்குள் லாரி விளையாட்டின் பெயரிலேயே இன்னொரு கோப்புறை, 9 ஜி.பி. அளவில் இருந்தது. விளையாட்டுதான் புதிய வீட்டுக்குப் போய்விட்டதே, இது பழைய வீட்டில் தங்கிவிட்ட குப்பை என்று எண்ணிக்கொண்டான். தொட்டிக்குக்கூட அனுப்பாமல், ஷிப்டு விசையோடு சேர்த்து நிரந்தரமாக அழித்துவிட்டான். வேண்டாததைக் கழித்துவிடு என்று நான்தானே சொன்னேன்?

விளையாட்டின் பண்டங்கள், அதாவது சாலைகளும் ஊர்களும் வண்டிகளும், ஸ்டீமின் கோப்புறையில் இருக்கின்றன. விளையாடியவர் என்ன செய்தார் என்பது இருப்பது வேறிடத்தில். இந்த விளையாட்டில் அது ‘டாக்குமென்ட்ஸு’க்குள் ‘புரொபைல்ஸ்’ என்னும் சிறு பையில் இருக்கும். அதே இடத்தில் ‘மாட்’ என்றொரு பை. நம் ஊர்ப் பேருந்துகளைப் போல ஆர்வலர்கள் செய்து தரும் வண்டிகளைப் பையன் அதில் நிறைத்து வைத்திருந்தான். 9 ஜி.பி.யில் ஏறத்தாழ முழுவதும் அந்தப் பேருந்துகள்தாம். அவர் ஓட்டியதன் கணக்கு அதில் ஒரு மூலையில் சில எம்.பி. இருந்திருக்கும். வேறு விளையாட்டுகள் வேறு இடங்களில் வைக்கின்றன. ‘மைன்கிராப்ட்’ போன்றவை ‘ஆப்டேட்டா’ என்னும் மறைந்த கோப்புறைக்குள் வைப்பதால், அது இருப்பதே பலருக்குத் தெரிவதில்லை. ‘மூவ்’ என்னும் பொத்தான் இவற்றைத் தொடாது. தொடாததால் அவை பத்திரமாகவே இருக்கும், நாம் போய் அழிக்காதவரை.

இரவு ஒன்பது மணிக்கு, புதிய டிரைவிலிருந்து ஓடுகிறதா என்று பார்க்க அவன் லாரி விளையாட்டைத் திறந்தான். மிக நன்றாக ஓடியது. உங்கள் பெயர் என்ன, நிறுவனத்தின் பெயர் என்ன என்று புதிதாகக் கேட்டது.

அவன் அடுப்படி வாசலில் வந்து நின்றான். இருபது வயதுப் பிள்ளை. சொல்ல வாய் வராமல் நின்றான். எனக்கு விளங்கச் சற்று நேரம் பிடித்தது. விளங்கியபின் கோபம் வந்தது. அதை மறைக்க நான் புண்ணியவதி அல்லள். “அப்பா சட்டையைக்கூட நான் இன்னும் யாருக்கும் கொடுக்கவில்லையேடா” என்றேன். அன்றிரவு அவன் சாப்பிடவில்லை, நானும் வற்புறுத்தவில்லை. அதற்காக இன்றுவரை வருந்துகிறேன்.

மறுநாள் கணினி பழுதுபார்ப்பவரிடம் ஓடினான். பழைய வகை ஹார்டு டிஸ்க்காக இருந்தால், அழித்தவை மேலே வேறெதுவும் எழுதப்படும்வரை உள்ளே கிடக்கும். தோண்டி எடுக்க வாய்ப்புண்டு. எஸ்.எஸ்.டி.யிலோ, அழித்த இடம் இனித் தேவையில்லை என்று விண்டோஸ் உடனே ‘டிரிம்’ என்னும் கட்டளையால் அறிவித்துவிடுகிறது. டிரைவும் அதைத் துடைத்துவிடுகிறது. அவர் முயன்று பார்த்துவிட்டுக் கையை விரித்தார். ஸ்டீமின் மேகக் கிடங்கில் பிரதி இருக்குமோ என்றால், அதற்கும் வழியில்லை. அவருடைய கணக்கைத் தொடங்கிய அன்று, இணையம் செலவாகும் என்று அந்தக் கட்டத்தில் குறியிடாமல் விட்டது சின்னவனேதான்.

கோயம்புத்தூரில் வேலை செய்யும் பெரியவனிடம் மூன்று நாள் கழித்துத்தான் சொன்னோம். அவன் திட்டவில்லை. “அப்பா 2021-இல் கண் சிகிச்சைக்காக என்னோடு இரண்டு மாதம் இருந்தாரே அம்மா, அப்போது பென் டிரைவில் அவருடைய கணக்கைக் கொண்டுவந்து என் மடிக்கணினியில் போட்டோமே” என்றான். பென் டிரைவ் எப்போதோ போய்விட்டது. மடிக்கணினியோ பீரோவின் மேல், மின்கலம் வீங்கிப்போய்க் கிடந்தது. அதன் டிரைவை மட்டும் கழற்றி எடுத்து, ஒரு வாரத்தில் கோப்புறையை அனுப்பிவைத்தான்.

அதற்குப் பெயராக இருந்தது எண்களும் எழுத்துகளும் கலந்த ஒரு நீண்ட வரி. பொருளற்ற குப்பை போலவே எனக்குத் தோன்றியது. “இது அப்பா பெயர்தான் அம்மா” என்று சின்னவன் காட்டினான். ஒவ்வோர் எழுத்துக்கும் கணினிக்கென்று ஓர் எண் உண்டாம். ஆங்கிலத்தின் பெரிய ‘ஏ’ 41. அவருடைய பெயர் அந்த எழுத்தில்தான் தொடங்கும். 41 என்று தொடங்கிய அந்த வரியை விரல் வைத்து இறுதிவரை கூட்டிப் படித்தேன், முதல் வகுப்புப் பிள்ளை போல.

பையன் அதை உரிய இடத்தில் வைத்து விளையாட்டைத் திறந்தான். பழைய பதிப்பில் எழுதப்பட்டது, சில இணைப்புகளைக் காணவில்லை என்று எச்சரித்தது. பிறகு திறந்தது. டோவரில் நீல லாரி நின்றது. நிறுவனத்தின் பெயர் என் பெயர். ஆனால் அது 2021 நவம்பரில் நின்ற லாரி. கடைசி ஏழு மாத ஓட்டம் அதில் இல்லை. வங்கிப் பக்கத்தைத் திறந்து பார்த்தான். கடனில் முப்பத்திரண்டாயிரம் யூரோ மிச்சம் இருந்தது.

அவர் அடைத்துவிட்ட கடன். அடைத்ததற்கு இப்போது நாங்கள் மூவருமே சாட்சி.

அதை அப்படியே பூட்டி வைத்துவிடலாம் என்று பெரியவன் தொலைபேசியில் சொன்னான். சின்னவன் என்னைப் பார்த்தான். “நான் எடுத்து ஓட்டட்டுமா அம்மா? முப்பத்திரண்டாயிரம்தானே, இரண்டு வாரத்தில் அடைத்துவிடுவேன்.”

நின்ற வண்டிக்கு டயரும் போகும், பேட்டரியும் போகும் என்று அவர் சொல்வது வழக்கம். முதலாளி நான்கு நாள் வண்டியை நிறுத்தி வைத்தாலும் போய் ஒருமுறை ஸ்டார்ட் செய்துவிட்டுத்தான் வருவார். அதை நான் மகனுக்கு நினைவுபடுத்தினேன்.

முதலில் அந்தக் கோப்புறையை ‘டி’ டிரைவில் ஒன்று, புதிய பென் டிரைவில் ஒன்று என இரண்டு பிரதி எடுக்கச் செய்தேன். பென் டிரைவை அவருடைய பழைய ஓட்டுநர் உரிமம் இருக்கும் தகரப் பெட்டியில் வைத்துப் பூட்டினேன். அதன் பின்னரே பையன் வண்டியை எடுத்தான். முதல் சரக்கை இறக்கும் இடத்தில் பின்னோக்கி நிறுத்துவதை விட்டுவிடப் பார்த்தான். நான் விடவில்லை. நான்கு முறை முயன்று, பெட்டி சற்றுக் கோணலாக, ஒருவழியாக நிறுத்தினான்.