சல்லடைக்குள் சமத்துவம்

வணிகர் வாயிலைத் திறந்ததும், வரவேற்பு கிடைத்துவிட்டது என்று மகிழ்கின்றனர் சிலர். மகிழட்டும்! ஆனால் திறந்தது வீட்டு வாயிலா, கடை வாயிலா என்று பார்த்துவிட்டு மகிழட்டும் என்கிறோம் நாம். வீட்டுக்கு வருபவன் விருந்தினன். கடைக்கு வருபவன் வாடிக்கைக்காரன். விருந்தினனை முகம் பார்த்து வரவேற்பர். வாடிக்கைக்காரனை மடி பார்த்து வரவேற்பர்.

ஆணை விரும்பும் ஆண்கள், பெண்ணை விரும்பும் பெண்கள், தன்பாலீர்ப்பாளர் என்று இன்று நாம் மதிப்போடு அழைக்கும் மக்கள், இவர்களுக்குப் படங்களிலும் விளம்பரங்களிலும் கிடைத்துள்ள வரவேற்பு எத்தகையது? அதனையே இங்கு ஆராய்கிறோம். அவர்களது விருப்பம் நோயன்று. உலக சுகாதார நிறுவனம் 1990-ஆம் ஆண்டிலேயே அதனை நோய்ப்பட்டியலிலிருந்து நீக்கிற்று. குற்றமும் அன்று, 1860-இல் ஆங்கில ஆட்சி எழுதிவைத்த 377-ஆம் பிரிவு, வயது வந்தோர் இருவரது மனமொத்த உறவைத் தண்டிக்க இயலாது என்று 2018 செப்டம்பர் 6-ஆம் நாள் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. பாவம் என்போர் மட்டுமே எஞ்சியுள்ளனர். பாவ புண்ணியக் கணக்கர்களோடு நமக்குப் பழைய வழக்கு உண்டு. அதை மற்றொரு நாள் வைத்துக்கொள்வோம்.

சட்டம் கதவைத் தள்ளித் திறந்தது. அதன் பின்னே ஓசையின்றி நுழைந்தது வாணிபம்.

2021 அக்டோபர் மாதம், டாபர் நிறுவனம் தன் 'ஃபெம்' களிம்புக்கு ஒரு விளம்பரப் படம் வெளியிட்டது. இரண்டு இளம்பெண்கள். ஒருத்தி மற்றவளின் முகத்தில் நிறம் வெளுக்கும் களிம்பைப் பூசுகிறாள். அன்று கர்வா சௌத். கணவனின் ஆயுள் நீளவேண்டுமென்று வடநாட்டு மனைவியர், பொழுது புலர்ந்தது முதல் நிலவு எழும்வரை சொட்டு நீரும் அருந்தாது கிடக்கும் நோன்பு. மூத்த பெண்மணி ஒருவர் இருவருக்கும் புடவை தருகிறார். இரவில் மாடியில், சல்லடை வழியே ஒருவர் முகத்தை மற்றவர் காண்கின்றனர். கணவன் எவனுமில்லை, ஒருவருக்காக ஒருவர் நோன்பு!

புரட்சி என்றனர் பலர். அந்தக் கண்களில் வழிந்த அன்பைக் கண்டு நம் நெஞ்சும் குளிர்ந்தது, மறைப்பானேன்? ஆயினும், நுழைவுச் சீட்டின் விலையைப் பாருங்கள், தோழர்களே! முகம் வெளுத்தாக வேண்டும். அது முதல் விலை. கணவனைத் தெய்வமாக்கிய நோன்பை நோற்றாக வேண்டும். அது இரண்டாம் விலை. நிறப்பித்து ஒரு கையையும் பதிபக்தி மறு கையையும் பற்றி அழைத்துவந்தால்தான் அந்தக் காதலுக்கு மாடியேற இடம்! சல்லடையின் தொழில் என்ன? சலிப்பது. வெளுத்தது, செழித்தது, பழமைக்குத் தலைவணங்கியது கீழிறங்கும். கறுத்தவள் தங்கிவிடுவாள், கூலிக்காரி தங்கிவிடுவாள், நோன்பாவது மண்ணாவது என்பவள் கட்டாயம் தங்கிவிடுவாள்.

அடுத்து நடந்ததைக் கேளுங்கள். மத்தியப் பிரதேசத்து உள்துறை அமைச்சர் சினந்தெழுந்தார். களிம்பைக் கண்டா? இல்லை. பெண்ணைப் பட்டினி போடும் நோன்பைக் கண்டா? இல்லை, இல்லை. காதலர் இருவரும் பெண்கள் என்பதைக் கண்டு! படத்தைத் திரும்பப் பெறாவிடில் சட்டம் பாயும் என்றார். சில நாட்களுக்குள் நிறுவனம் படத்தை எடுத்துவிட்டு, நிபந்தனையற்ற மன்னிப்பும் கேட்டது. களிம்பு கடையிலேயே இருந்தது. காதல்தான் திரும்பப் பெறப்பட்டது!

நம்மையும் அந்த அமைச்சரையும் ஒரு தட்டில் வைத்துவிடாதீர்கள். அவர் கையில் காவல்துறை. நம் கையில் வாதம். அந்தக் காதல் கண்ணில் படக்கூடாது என்பது அவர் எண்ணம். சல்லடையில்லாமல் கண்ணில் படவேண்டும் என்பது நம் எண்ணம்.

அதே 2021-இல், நம் நாட்டிலேயே வேறு இரு பெண்கள் இருந்தனர். மதுரையிலிருந்து, பெற்றோரின் எதிர்ப்புக்கு அஞ்சிச் சென்னைக்கு ஓடிவந்தவர்கள். காணவில்லை என்று புகார்; காவலர் விசாரணை. பாதுகாப்புக் கோரிச் சென்னை உயர்நீதிமன்றத்தின் கதவைத் தட்டினர். நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ் என்ன செய்தார்? இந்தப் பொருளில் தாம் கற்கவேண்டியது உண்டு என்று வெளிப்படையாகக் கூறி, உளவியல் அறிஞரிடம் தாமே பாடம் கேட்டார். பின்னர் ஜூன் 7-ஆம் நாள் ஆணையிட்டார்: மனமொத்து வாழும் வயது வந்தோர் என்று தெரிந்ததும் காவலர் புகாரை முடித்துவிட வேண்டும்; இவ்விருப்பத்தை 'மாற்றுகிறோம்' என்று மருத்துவத்தின் பேரால் கொடுமை செய்யலாகாது. இவர்களைச் சொல்லும் மதிப்பான சொற்களைத் தமிழ்நாடு அரசு 2022-இல் தொகுத்து வெளியிட்டதும் அந்த வழக்கின் வழியே வந்த விளைவே. அந்த இரு பெண்களுக்கும் எந்தக் களிம்பும் விளம்பரம் தரவில்லை. அவர்கள் பெற்றுத்தந்ததை எந்த அமைச்சரும் ஒரே மிரட்டலில் திரும்பப் பெற இயலவில்லை!

இந்த வாணிபப் பாடத்தை நம் முதலாளிகள் படித்த பள்ளி அமெரிக்கா. 1994-இல் ஐக்கியா என்னும் மரச்சாமான் நிறுவனம், இரு ஆடவர் சேர்ந்து உணவு மேசை வாங்குவதை அங்கே தொலைக்காட்சி விளம்பரமாக்கிற்று. 2003 ஜூலையில் தொடங்கியது 'குயர் ஐ' என்னும் நிகழ்ச்சி. தன்பாலீர்ப்பாளர் ஐவர், பெண்ணை விரும்பும் ஆடவன் ஒருவனது வீட்டில் புகுந்து, எதை உடுப்பது, எதைப் பூசுவது, எந்த நாற்காலி வாங்குவது என்று கற்பித்தனர். கெட்டிக்காரர் ஐவரும், நாடே ரசித்தது. ஆனால் அதற்கு முந்திய மாதம்வரை, டெக்சாஸ் முதலான சில மாநிலங்களில் அவர்களது உறவு குற்றம்! கடைக்கு வழிகாட்டலாம், வீட்டுக்குள் வாழ்ந்தால் குற்றவாளி. 2023-இல் டார்கெட் என்னும் பெருங்கடை, மிரட்டல் வந்ததும் வானவில் சரக்குகளில் சிலவற்றை அகற்றிற்று. சில ஊர்களில் கடையின் பின்புறத்துக்குத் தள்ளிற்று. சரக்கோடு வந்த மரியாதை சரக்கோடு போயிற்று.

நம்மோடு பணியாற்றும் ஆசிரியர் ஒருவர் இடைமறித்தார்: "கடைக்காரராவது மரியாதையாகக் காட்டுகிறாரே, சார்! சினிமாக்காரர் கேலிக்கு அல்லவா காட்டினார்?" நியாயமான கேள்வி. நடையை நெளித்து, குரலைக் குழைத்து ஒரு பாத்திரத்தைக் கொணர்ந்து கொட்டகையைச் சிரிக்கவைப்பது தமிழ்ப் படங்களின் பழைய வழக்கம். அந்தச் சிரிப்பு கொட்டகையோடு முடிவதில்லை. திங்கட்கிழமை காலை நம் வகுப்பறைக்கு வந்துசேர்கிறது. மென்மையாகப் பேசும் மாணவன் ஒருவனைப் படத்தில் கேட்ட பெயரால் மற்றவர் அழைத்தனர். வருகைப் பதிவின்போது "உள்ளேன் ஐயா" என்று சொல்வதையே நிறுத்திவிட்டான் அவன். கையை மட்டும் உயர்த்துவான். அவன் யாரை விரும்புவான் என்பது நமக்குத் தெரியாது, தெரியவேண்டியதும் இல்லை. பதினான்கு வயதில் ஒருவன் தன் குரலை ஒளிக்கிறான் என்பதே நமக்குத் தெரியவேண்டிய செய்தி. எந்தக் களிம்பு அவனுக்குக் குரல் தரும்?

வேறு வழியில் காட்டவும் முடியும். 2023-இல் வந்த 'காதல் - தி கோர்' என்னும் மலையாளப் படத்தில் மம்முட்டி ஏற்ற பாத்திரம், கூட்டுறவு வங்கியில் பணியாற்றி ஓய்வுபெற்றவர். உள்ளாட்சித் தேர்தலில் வேட்பாளர். ஊருக்காக நடந்த திருமணத்தில் தன் வாழ்வும் வாடிற்று என்று மணவிலக்குக் கேட்கிறாள் மனைவி; அப்பாத்திரத்தில் ஜோதிகா. அதுவும் சீட்டு விற்கும் படம்தான். எனினும் அந்த மனிதரிடம் விற்பனைக்கு எதுவுமில்லை. அவர் ஊரைப் பார்த்துக் கேட்பது வாக்கு! அவரது அன்பு மட்டுமல்ல, பொய்த் திருமணத்தில் வாடிய பெண்ணின் துயரும் அங்கே பேசப்படுகிறது.

நம் இயக்கத்தின் வரலாறும் இதையே கற்பிக்கிறது. புரோகிதரற்ற, மந்திரமற்ற சுயமரியாதைத் திருமணத்தை ஏசினர், எள்ளினர், செல்லாது என்றனர். ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் மேடைதோறும் வாதாடினோம். 1967-இல் அண்ணாவின் அரசு அதனைச் சட்டமாக்கிற்று. அந்த உரிமை பட்டுக்கடைக்காரர் விளம்பரத்தால் வந்ததா? நகைக்கடைக்காரர் தள்ளுபடியில் தந்தாரா?

தன்பாலீர்ப்பாளரின் திருமணத்துக்குச் சட்ட ஏற்பு வழங்க 2023 அக்டோபர் 17-ஆம் நாள் உச்சநீதிமன்றம் மறுத்துவிட்டது. அது நாடாளுமன்றத்தின் பொறுப்பு என்றது. ஆகவே வாதம் மக்கள் மன்றத்துக்கு வந்துவிட்டது. அங்கே பேச வேண்டியவர்கள் நாம். கூட்டத்தில் பேசுவோம், சங்கத்தில் தீர்மானம் கொணர்வோம், பள்ளியில் கேலிப்பெயர் எழும்போது பாடத்தை நிறுத்திவிட்டு அதனைக் கேட்போம். வானவில் வண்ணச் சட்டையை வாங்க விரும்புவோர் வாங்கட்டும்; வாங்கக் காசில்லாதவனுக்கும் உரிமை ஒன்றே என்பதைச் சட்டப் புத்தகத்தில் எழுதவைப்போம். கடைக்காரர் அதைத் தரவும் இயலாது. திரும்பப் பெறவும் இயலாது.