குர்ட் பாய்ஸின் முகம்

குணச்சித்திர நடிகர் என்ற சொல்லை நாம் பெரும்பாலும் ஓர் ஆறுதல் பரிசாகவே வழங்கிவருகிறோம். கதாநாயகனாக வாய்க்காதவர், ஆனாலும் நன்றாகச் செய்கிறவர் என்பதற்கு மேல் அதில் பொருள் இல்லை. ஜெர்மானிய நடிகர் குர்ட் பாய்ஸைப் பார்த்துவந்ததில் இந்தச் சொல்லின் போதாமை எனக்குத் தெளிவாயிற்று.

1901இல் பெர்லினில், யூதக் குடும்பத்தில் பிறந்தவர். சிறுவனாகவே மேடையேறி, ஊமைப்படக் காலத்திலேயே பேர் பெற்ற நகைச்சுவை நடிகராகிவிட்டார். ‘பாப்பன்ஹைம் கோமகன்’ (1927) என்ற படத்தில் பெண் உடையில் வந்து சிரிக்க வைத்தார். 1933இல் ஹிட்லர் பதவிக்கு வந்தபின் ஜெர்மனியை விட்டு வெளியேறினார்.

அவருடைய முகம் மட்டும் அங்கே தங்கிவிட்டது. 1940இல் ஃப்ரிட்ஸ் ஹிப்லர் எடுத்த ‘நித்திய யூதன்’ என்ற நாஜிப் பிரசாரப் படம், பழைய படத்திலிருந்து அந்தப் பெண்வேஷத்தை வெட்டியெடுத்து, யூத சுபாவத்துக்கு அத்தாட்சி என்று காட்டிற்று. ‘எம்’ படத்தில் குழந்தைகளைக் கொல்பவனாக நடித்த பீட்டர் லோரிக்கும் அதில் இதே கதிதான். வேஷத்தை எடுத்து இதுதான் இவன் நிஜம் என்று சாதிப்பது ஒரு மனிதன் மீது செய்யும் அவதூறு மட்டுமல்ல. நடிப்பு என்ற ஒன்று உண்டு என்பதையே மறுக்கிற காரியம்.

பாய்ஸ் அப்போது ஹாலிவுட்டில் சில்லறை வேஷங்களில் இருந்தார். ‘காஸபிளாங்கா’வில் (1942) அவர் ஜேப்படிக்காரர். ஊரெல்லாம் திருட்டுக்கும்பல், ஜாக்கிரதை என்று ஓர் ஆங்கிலேயரிடம் அக்கறையாகச் சொல்லிக்கொண்டே பர்ஸை உருவிவிடுகிறார். இரண்டு நிமிஷம் தேறாத வேஷம். அந்தப் படத்தில் நடித்தவர்களில் பலர் ஐரோப்பாவிலிருந்து தப்பி வந்தவர்கள் என்பது நினைவில் இருந்தால், அந்த எச்சரிக்கையின் தொனி வேறாகக் கேட்கிறது.

1950இல் ஜெர்மனி திரும்பினார். பிரெக்ட்டின் பெர்லினர் ஆன்ஸாம்பிளில் பூன்டிலாவாக நடித்தார்: குடித்தால் மனிதன், தெளிந்தால் முதலாளி. பாத்திரத்துக்குள் கரைந்துவிடாமல் அதன் பக்கத்தில் நின்று அதைக் காட்டு என்பது பிரெக்ட் நடிகனுக்குச் சொன்னது. வேஷத்தை முகத்தோடு சேர்த்து ஆணியடித்த ஒரு தேசத்தில், பாய்ஸுக்கு இது வெறும் நாடகச் சித்தாந்தமாக இருந்திருக்காது என்று எனக்குப் படுகிறது.

பிறகு மேடை, சினிமா, டெலிவிஷன் என்று வருஷங்கள் போயின. யூத அகதிகளைத் திருப்பியனுப்பிய ஸ்விட்ஸர்லாந்தைப் பற்றிய ‘படகு நிறைந்துவிட்டது’ (1981) என்ற படத்தில் கிழ அகதியாக வருகிறார். 1982இல் புரூனோ கான்ஸும் ஓட்டோ ஸாண்டரும் அவரையும் பெர்ன்ஹார்ட் மினெட்டியையும் வைத்து ‘ஞாபகம்’ என்று ஒரு படம் எடுத்தார்கள். இதே இருவர்தாம் 1987இல் விம் வெண்டர்ஸின் ‘பெர்லின் மீது வானம்’ படத்தில் தேவதூதர்கள். அதில் பாய்ஸ் ஹோமர் என்ற கிழவர். சுவரோரப் பொட்டலில், தாம் அறிந்த பாட்ஸ்டாம் சதுக்கத்தைத் தேடி அலைகிறார். கிடைக்கவில்லை. யாரோ எறிந்துவிட்டுப்போன சாய்வு நாற்காலியில் உட்கார்ந்துவிடுகிறார். பெர்லினில் பிறந்து, துரத்தப்பட்டு, திரும்பிய மனிதரின் சொந்த ஞாபகம் இங்கே வேஷத்தோடு கலக்கிறது. 1940இல் அவர் வேஷத்தை வாழ்க்கை என்று திருடினார்கள். இங்கே அவரே தம் வாழ்க்கையை வேஷத்துக்குக் கடன் கொடுக்கிறார். இரண்டுக்கும் நடுவே உள்ள வித்தியாசம், சம்மதம்.

1988இல், ஐரோப்பியத் திரைப்படப் பரிசு வழங்கத் தொடங்கிய முதல் வருஷமே, இந்த வேஷத்துக்காகச் சிறந்த துணை நடிகர் பரிசு பெற்றார். சுவர் திறந்த 1989ஐயும் பார்த்துவிட்டு 1991இல் மறைந்தார்.

ஹிப்லரின் படத்தை முதலில் பார்த்துவிட்டதால், 1927ஆம் வருஷத்துப் படத்தில் அந்தக் காட்சி வந்தபோது எனக்குச் சிரிப்பு வரவில்லை. பிரசாரம் எத்தனை வருஷம் கழித்தும் எங்கே வேலை செய்கிறது என்பது அப்போது தெரிந்தது. படத்தை ஆரம்பத்திலிருந்து மறுபடி பார்த்தேன். பாதியில் சிரித்தேன்.