முடியும் அடியும்

முடியுடை மன்னர் ஆண்ட நாடுகள் பலவற்றினும் அரசும் வழிபாடும் ஒன்றையொன்று பற்றியே வளர்ந்தன. அங்ஙனம் பற்றியவிடத்து, மன்னன் தெய்வத்தின் முன்னர் எந்நிலையில் நின்றான் என்பதே நாம் ஆராயத்தக்கது. இதனை ஜப்பான் நாட்டுப் பழவழக்கோடு நம் பெரியபுராணத்தை வைத்துச் சிந்தித்தல் பயனுடைத்தாம்.

ஜப்பானியரின் தொன்மைச் சமயம் ஷிந்தோ எனப்படும். அந்நாட்டுப் பேரரசர் அமதெராசு என்னும் ஞாயிற்றுத் தேவியின் வழித்தோன்றல் என்பது அவர்தம் பழங்கொள்கை. அத்தேவியின் திருக்கோயில் இசே என்னும் ஊரில் உள்ளது. புதிதாகப் பட்டமெய்தும் பேரரசர், இதற்கெனத் தேர்ந்த இரு வயல்களின் புதுநெல்லால் ஆகிய அமுதை இராப்பொழுதிலே தேவிக்குப் படைத்துத் தாமும் உண்பர். தைஜோசாய் எனப்படும் இச்சடங்கு, நம் உழவர் புதிரெடுத்துப் படைப்பதனை ஒருவாறு ஒக்கும். ஆயின் ஆண்டுப் படைப்பவர் அரசரே. அவர் குடியே தெய்வக்குடி.

நம் சோழரும் ஞாயிற்றின் மரபினர் என்றே போற்றப்பெற்றனர். எனினும், சைவர்க்கு ஞாயிறு முழுமுதற்பொருள் அன்று. இறைவனுடைய எட்டுருவங்களுள் ஒன்று. ஆகலின் ஞாயிற்றின் வழிவந்தோனும் பசுவேயன்றிப் பதியாகான். முதலாம் இராசராசன் 1010ஆம் ஆண்டில் நிறைவேற்றிய தஞ்சைப் பெருங்கோயிலுக்குத் தன் பெயரையே இட்டு இராசராசேச்சுரம் என்றான். அதன் கல்வெட்டுக்களில் தன் வெற்றிகளையும் பொறிப்பித்தான். கோயில் அவன் ஆணைக்கும் புகழுக்கும் துணைநின்றது என்பதனை மறைத்தல் நேர்மையன்று. ஆயினும் அவன் பூண்ட பெயர்களுள் ஒன்று சிவபாதசேகரன் என்பது. சிவபெருமான் திருவடியையே முடியாக உடையவன் என்பது அதன் பொருள்.

இப்பெயரின் உட்கிடையை விளக்குவது கூற்றுவ நாயனார் வரலாறு. அவர் களந்தையில் இருந்து ஆண்டவர். பல நாடுகளை வென்று, முடியொன்று ஒழிய அரசர்க்குரிய யாவும் பெற்றவர். அம்முடியைத் தமக்குச் சூட்டுமாறு தில்லைவாழந்தணரை வேண்டினார். அவர்களோ, சோழர் குலத்து மன்னர்க்கன்றிப் பிறர்க்கு முடிசூட்டோம் என்று மறுத்து, கூத்தப்பெருமான் பூசைக்கு ஒரு குடியினரை நிறுத்திவிட்டு மலைநாடு சென்றனர். படைவலி மிக்க அவ்வரசர் அவர்களைத் துன்புறுத்தினாரல்லர். இறைவன் திருவடியையே முடியாகப் பெறல் வேண்டும் என்று இரந்து துயின்றார்; அன்றிரவு கனவிலே பெருமான் அவர் சென்னிமேல் தம் அடியை வைத்தருளினர்.

அடியேன் மடத்திற் பாடங்கேட்ட நாளில் இவ்வரலாற்றைச் சிறிதென்று கடந்து சென்றோம். பன்முறை பிறர்க்குப் பாடஞ்சொன்ன பின்னரே ஒன்று புலனாயிற்று. சேக்கிழார் சோழன் அவையில் அமைச்சராயிருந்தவர். தம் வேந்தன் குலத்திற்கே உரியதெனப்பட்ட முடியினும் உயர்ந்த முடியொன்றைப் பிறனொருவன் பெற்றான் என்று அவ்வேந்தன் காலத்திலேயே பாடினார். மரபு மறுத்ததனை அருள் வழங்கிற்று. அருள் குலம் வினவவில்லை.

ஜப்பானியப் பேரரசர் தாம் வாழும் தெய்வம் என்னும் கொள்கையை 1946ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாளன்று மறுத்து அறிக்கையிட்டனர். ஆயினும் 2019ஆம் ஆண்டு நவம்பரில் பேரரசர் நருகித்தோ புதுநெல்லமுது படைத்தனர். சடங்கு நிலைத்தது மெய்யே. அது நிலைத்தற்கு அக்குடியும் நிலைத்தல் வேண்டும். சோழராட்சியோ பதின்மூன்றாம் நூற்றாண்டிலேயே முடிந்தது. தஞ்சைப் பெருவுடையார்க்கோ இன்றும் பூசை நடைபெறுகின்றது.

எம் புதுவையினும் இவ்வுண்மைக்குச் சான்றுண்டு. ஆங்கிலேயர் முற்றுகையிட்ட 1748ஆம் ஆண்டில், துய்ப்ளே கவர்னராயிருந்தபோது, வேதபுரீசுவரர் கோயில் இடிக்கப்பட்டது. அத்துயரத்தை ஆனந்தரங்கப் பிள்ளை தம் நாட்குறிப்பில் எழுதிவைத்தார். இடித்த ஆட்சி சென்றொழிந்தது. வேதபுரீசுவரர் வேறிடத்தே எழுந்தருளி இன்றும் வழிபடப்பெறுகின்றார். அண்மையிலுள்ள வில்லியனூரிலோ, திருக்காமீசுவரர் தேர்த்திருவிழாவில் பிரெஞ்சுக் கவர்னரும் வடம்பிடிக்கும் வழக்கம் இருந்தது. 1954ஆம் ஆண்டில் ஆட்சி கைம்மாறிய பின்னரும் ஆள்வோர் வந்து வடம்பிடிக்கும் வழக்கம் ஒழியவில்லை. கோயிலை இடித்தற்கும் ஆள்வோர்க்குக் கையுண்டு. தேரை இழுத்தற்கும் கையுண்டு. இறைவனை உண்டாக்கவோ இலனாக்கவோ அவர்க்குக் கையில்லை. வடத்தைப் பற்றியவிடத்து அவரும் ஊராரோடு நிற்கும் ஓர் அடியவரே.

இதனை ஆள்வோர்க்கு மட்டும் கூறினேனல்லேன். முதல் மரியாதை எவர்க்கு, பரிவட்டம் எவர் தலைக்கு என்று வழக்காடி, திருவிழாவே தடைப்பட நிற்கும் ஊர்கள் உள. முடியரசு போயிற்று, முடியின்மேல் வைத்த ஆசை நம்முட் பலரிடத்துச் சிறிய துணியாய்ச் சுருங்கிக் கிடக்கின்றது. பரிவட்டம் மாலைக்குள் அவிழும். கூற்றுவனார் பெற்ற முடிக்கோ வழக்குமில்லை, போட்டியுமில்லை. தலைதாழ்த்தி இரப்பார் யாவர்க்கும் அஃது உரியது.