டின் பயறு

“ஆக்கத் தெரியாதவள்தான் டின்னை வெட்டுவாள்” என்பது என் பாட்டியார் வழங்கிய தீர்ப்பு. அவர் மறைந்து ஐம்பது ஆண்டுகளுக்கு மேலாகியும் அத்தீர்ப்பு எங்கள் குடும்பத்தில் மேல்முறையீடின்றிச் செல்லுபடியாகி வந்தது. டின் மீனுக்கு மட்டும் சிறிது விலக்கு உண்டு. மழை நாளில் மீன்காரன் வராவிட்டால் வேறென்ன செய்வது என்று அதைப் பொறுத்துக்கொள்வார். டின் பயற்றுக்கு விலக்கே கிடையாது. அந்தத் தீர்ப்பை எதிர்த்து எழுதவே இன்று பேனாவை எடுத்தேன். எழுபதைக் கடந்த ஆண்பிள்ளை அடுப்பங்கரைச் சங்கதியை எழுதுவதா என்று நகைப்பவர்கள் நகைக்கட்டும். உண்பதற்கு வெட்கப்படாதவர்கள் ஆக்குவதைப் பற்றிப் பேச வெட்கப்படுவது என்ன நியாயமோ, எனக்கு விளங்கவில்லை.

நான் பிறந்து வளர்ந்தது காஜாங்கிற்கும் செமினிக்கும் இடைப்பட்ட ஒரு ரப்பர்த் தோட்டத்தில். அது அவசர காலம். 1948 ஜூனில் பிறப்பிக்கப்பட்ட அச்சட்டம் 1960 ஜூலை முடியும்வரை இந்நாட்டில் நின்றது. காட்டிலிருந்தவர்களுக்கு உணவு போய்ச் சேரக்கூடாதென்பதற்காக அரசாங்கத்தார் தோட்டத்து லயங்களைச் சுற்றி முள்வேலி இட்டார்கள். அரிசியை அளந்து கொடுத்தார்கள். விடியலில் வெட்டுக்குப் போகிறவர்களை வாயிலில் நிறுத்திச் சோதித்தார்கள். செமினிப் புதுக்குடியிருப்பில் பெண்களைச் சோதித்த முறை வரம்பு மீறிப்போய், 1956இல் அதைப் பற்றித் தனி விசாரணையே நடந்ததென்பதைப் பெரியவர்கள் மறந்திருக்க மாட்டார்கள்.

அந்நாளில் கடையில் டின் வாங்கினால், கடைக்காரர் அதை அப்படியே கையில் கொடுக்க மாட்டார். மேசைமேல் வைத்து, மூடியில் ஓர் ஆணியை நிறுத்திச் சுத்தியலால் ஓர் அடி அடித்துத் துளையிட்ட பிறகே கொடுப்பார். சட்டம் அப்படி. துளையிட்ட டின் நாட்பட நில்லாது. ஆகவே அதை யாரும் காட்டிற்கு அனுப்ப முடியாது. ஆறு வயதுப் பிள்ளையாகத் தந்தையாரின் கையைப் பிடித்துக்கொண்டு நின்ற எனக்கு அந்த ஆணியடிச் சத்தம் இன்றும் காதில் இருக்கிறது. டின்னென்றால் துளையோடுதான் இருக்கும் என்றே வெகுநாள் நினைத்திருந்தேன்.

சம்பள நாளில் என் தந்தையார் எப்போதாவது ஒரு பயற்று டின் வாங்கி வருவார். துளை விழுந்துவிட்டபடியால் அன்றிரவே அதை முடித்தாக வேண்டும். என் தாயாரோ விடியற்காலை நான்கு மணிக்கு எழுந்து, பிரட்டுக்குப் போய், மரம் வெட்டிப் பால் எடுத்துக் கொடுத்துவிட்டு, பிற்பகலில் லயத்திற்குத் திரும்பி விறகு பொறுக்குகிறவர். அவருக்கு அந்த டின் ஓர் இளைப்பாறுதலாக இருந்திருக்க வேண்டும். இருந்ததா? இல்லை. டின்னுக்குள் இருந்த பயறு சர்க்கரை கலந்த தக்காளிக் குழம்பில் ஊறிக் கிடக்கும். அதை அப்படியே சோற்றில் ஊற்றினால் எங்கள் நாக்கு ஏற்காது. ஆகவே தாயார் குழம்பை வடித்துவிட்டு, வெங்காயத்தை அரிந்து எண்ணெயில் சிவக்க விட்டு, ஊறிய காய்ந்த மிளகாயை அம்மியில் வைத்து ஓர் இழுப்பு இழுத்துச் சேர்த்து, பயற்றைப் போட்டு அகப்பையின் முதுகால் பாதியை நசுக்கிவிடுவார். இறக்கும்போது எலுமிச்சை. அந்த வாசனைக்குப் பக்கத்து லயத்துப் பிள்ளைகளும் வந்து நிற்பார்கள்.

பாட்டியார் தொட மாட்டார். “எந்தச் சாதிக்காரன் கை பட்டதோ” என்பார். கப்பலேறிக் கடல் கடந்து வந்து, பத்துப் பேர் கைபட்ட தோட்டத்து அரிசியை உண்டு உயிர் வளர்த்தவருக்கு, இயந்திரம் அடைத்த டின்னில் மட்டும் எங்கிருந்து தீட்டு முளைத்ததென்று அப்போது கேட்க எனக்கு வயதில்லை. தாயார் மறுமொழி கூறமாட்டார். பாட்டியாருக்கென்று தனியே ஒரு ரசம் வைப்பார். இளைப்பாற வேண்டிய அன்றும் அவருக்கு இரண்டு அடுப்பு வேலைதான் ஆயிற்று.

நிற்க. பிற்காலத்தில் நான் ரயில்வேயில் உத்தியோகம் பெற்று பிரிக்ஃபீல்ட்ஸில் குடியேறினேன். கிள்ளானிலிருந்து பெண் கொண்டேன். என் மனைவி மருத்துவமனைத் தாதி. இரவு முறை, பகல் முறை என்று மாறி மாறிப் போய் வந்தவர். முப்பதாண்டுகளுக்கு மேலாக என் தட்டில் சோறு விழுந்தது. அது எப்படி விழுந்ததென்று நான் ஆராய்ந்ததில்லை. ஓய்வு பெற்றுச் சில ஆண்டுகள் சென்றபின் அவருக்கு வயிற்றில் ஓர் அறுவைச் சிகிச்சை நடந்தது. வீடு திரும்பிச் சில நாட்களில் வைத்தியர் சாதாரண உணவு கொடுக்கலாம் என்றார். அன்று மதியம் சோறு வடிக்கும் வேலையை மின்சாரப் பானை பார்த்துக்கொண்டது. நான் ஒரு பயற்று டின்னைத் திறந்து, அடுப்பில் காட்டக்கூட இல்லாமல், சோற்றின் பக்கத்தில் கவிழ்த்துக் கொண்டுபோய் வைத்தேன். டின்னின் வரிவரியான அச்சு பயற்றின்மேல் அப்படியே பதிந்திருந்தது.

அவர் இரண்டு கவளம் உண்டார். பிறகு என்னைப் பார்த்து, “இதை உங்கள் அம்மாவுக்கு வைத்திருப்பீர்களா?” என்று மெல்லக் கேட்டார். கோபத்தோடு கேட்டிருந்தால் நான் பதில் சொல்லியிருப்பேன்.

அந்தக் கேள்வியை நெஞ்சில் வைத்துக்கொண்டு நான் சில வாரங்கள் அடுப்போடு மல்லுக்கட்டியதை விவரிக்கப் போவதில்லை. கரிந்த சட்டிகளின் கதை யாருக்கும் பயன்படாது. எனக்கு வழி காட்டியவள் என் பேத்தி. அவள் கல்லூரியில் படிக்கும்போது மெக்சிக்கோ நாட்டுச் சமையலில் ஆசை கொண்டு, ஒருநாள் சிவப்புப் பயற்று டின் ஒன்றோடு வந்து, “தாத்தா, இது மெக்சிக்கோக்காரர்கள் செய்வது, எளிது, கற்றுக்கொள்ளுங்கள்” என்றாள். வெங்காயத்தை வதக்கினாள். காய்ந்த மிளகாயை ஊறவைத்து அரைத்தாள். பயற்றைப் போட்டுப் பாதியை நசுக்கினாள். கடைசியில் எலுமிச்சை பிழிந்தாள். நான் பேச்சற்று நின்றேன். சீரகத்தையும் பூண்டையும் தவிர்த்துவிட்டால், அது செமினித் தோட்டத்து லயத்தில் என் தாயார் செய்த பண்டமேதான்.

அதன் பிறகு நூல்களைப் புரட்டிப் பார்த்தேன். வியப்பதற்கு ஒன்றுமில்லை என்று தெரிந்தது. டின்னிலிருக்கும் இப்பயற்றின் இனம் அமெரிக்கக் கண்டத்தது. மெக்சிக்கோவிலும் ஆண்டிஸ் மலைநாட்டிலும் பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே மக்கள் அதைப் பயிராக்கினார்கள். நாம் சந்தையில் பச்சையாக வாங்கும் பீன்ஸும் அதே செடியின் முற்றாத காய்தான். மிளகாயும் அக்கண்டத்ததே, போர்ச்சுகீசியர் கப்பலேற்றி இந்தியாவுக்குக் கொண்டுவந்தது பதினாறாம் நூற்றாண்டில். அதற்கு முன் நம் முன்னோர் மிளகைக் கொண்டே காரம் கண்டார்கள். தக்காளியும் அங்கிருந்து வந்ததே. மறுபுறம், சீரகமும் கொத்தமல்லியும் பூண்டும் ஸ்பானியர் வழியாக நம் பக்கத்து உலகத்திலிருந்து அங்கே போனவை. மெக்சிக்கோவில் எதற்கெடுத்தாலும் பிழிகிறார்களே, அந்தச் சிறு எலுமிச்சை, மலாய்க்காரர் லீமாவ் நிப்பிஸ் என்கிறார்களே, அதன் பூர்வீகம் நமது இந்தத் தென்கிழக்காசியாவே. அங்கே அம்மியும் உண்டு. மெத்தாத்தே என்று அதற்குப் பெயர். பெண்கள் முழந்தாளிட்டு அதில் சோளத்தையும் மிளகாயையும் அரைப்பார்களாம். ஆண்கள் முழந்தாளிட்டதாக எந்த நூலிலும் நான் காணவில்லை.

டின்னின் செய்தியையும் சொல்லிவிடுகிறேன். உணவை அடைத்துக் கொதிக்கவைத்துக் காக்கும் முறையைப் பிரெஞ்சுக்காரர் அப்பேர் கண்டுபிடித்தார். 1810இல் இங்கிலாந்தில் பீட்டர் துராந்த் தகர டின்னுக்கு உரிமை பெற்றார். திறக்கும் கருவி தோன்றப் பின்னும் நாற்பது ஆண்டுகளுக்கு மேலாயிற்று; அதுவரை உளியும் சுத்தியலும்தான். இரும்புத் தகட்டின்மேல் பூசுவதற்கு வேண்டிய வெள்ளீயத்தை இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் உலகிலேயே மிகுதியாக எடுத்துக் கொடுத்தது மலாயா. கோலாலம்பூர் என்ற ஊரே ஈயச் சுரங்கத்தால் உண்டான ஊர். இங்கிருந்து போன ஈயம் எங்கோ ஒரு டின்மேல் ஏறி, பயற்றைச் சுமந்து, தோட்டத்துக் கடைக்குத் திரும்பி வந்து ஆணியடி வாங்கியிருக்கலாம்.

இனிச் செய்முறை. 400 கிராம் டின் ஒன்று நால்வருக்குச் சோற்றோடும் தோசையோடும் தொட்டுக்கொள்ளப் போதும். தக்காளிக் குழம்பில் ஊறிய இனிப்புப் பயறானால் சல்லடையில் கொட்டித் தண்ணீரில் அலசிவிடுங்கள். வெறும் உப்புநீரில் கிடக்கும் சிவப்புப் பயறானால் அந்த நீரில் கால் கோப்பை எடுத்து வைத்துக்கொண்டு மீதியை வடித்து அலசுங்கள். உப்பில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு இதனால் குறையும், இரத்த அழுத்தக்காரர்களுக்கு நல்லது. எடுத்து வைத்த நீரில் பயற்றின் மாவு கரைந்திருப்பதால் அதுவே குழம்பைத் திரட்டிக் கொடுக்கும். அதில் உப்பும் இருப்பதால் தனியே உப்புப் போட அவசரப்படாதீர்கள்.

நான்கு காய்ந்த மிளகாயை வெறும் சட்டியில் சில விநாடிகள் மட்டும் புரட்டுங்கள். கறுத்தால் கசக்கும், நான் கசக்க உண்டு அறிந்தவன். வெந்நீரில் இருபது நிமிடம் ஊறவைத்து மூன்று பல் பூண்டோடு அரையுங்கள். இரண்டு மேசைக் கரண்டி எண்ணெயில் அரைத் தேக்கரண்டி சீரகம் பொரிந்தவுடன் பெரிய வெங்காயம் ஒன்றைப் பொடியாக அரிந்து போட்டு, அது பொன்னிறம் கடந்து சிவக்கும்வரை பொறுத்திருங்கள். டின்னுக்கும் வீட்டுச் சமையலுக்கும் உள்ள வேற்றுமை முழுவதும் இந்தப் பத்து நிமிடத்தில்தான் இருக்கிறது. பிறகு அரைத்த விழுதைப் போட்டு, பச்சை வாடை போய் எண்ணெய் பிரியும்வரை கிளறுங்கள். பயற்றையும் எடுத்து வைத்த நீரையும் சேருங்கள். அலசிய இனிப்புப் பயறானால் நீருக்குப் பதில் தக்காளி ஒன்றை அரிந்து போடலாம். அகப்பையின் முதுகால் பாதியை நசுக்குங்கள். முழுவதையும் நசுக்கினால் குழந்தைக் கஞ்சியாகிவிடும். சட்டியில் கரண்டியால் ஒரு கோடிழுத்தால் அக்கோடு மெல்ல மூடவேண்டும், அதுவே பதம். இறக்கிய பிறகே எலுமிச்சையும் கொத்தமல்லித் தழையும். மெக்சிக்கோவில் இதற்கு ரெப்ரித்தோஸ் என்று பெயர். இருமுறை பொரித்தது என்று பலர் பொருள் கொள்வர். நன்றாகப் பொரித்தது என்பதே அங்குள்ளவர் கொள்ளும் பொருள். அவர்கள் பன்றிக் கொழுப்பில் செய்வது வழக்கம். நமக்கு எண்ணெயே போதும்.

காய்ந்த சிவப்புப் பயற்றை வாங்கி வேகவைப்பவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. அது பச்சையாகவோ அரைவேக்காட்டிலோ வயிற்றுக்குள் போனால் வாந்தியும் பேதியும் உண்டாக்கும் நஞ்சுடையது. இரவெல்லாம் ஊறவைத்து, அந்நீரைக் கொட்டிவிட்டு, புதுநீரில் தளதளவென்று கொதிக்கவைத்தே ஆகவேண்டும். டின் பயறு ஆலையிலேயே நன்கு வெந்துவிட்டபடியால் அந்த அச்சமில்லை. பாட்டியார் டின்னுக்கு அஞ்சினார். அஞ்ச வேண்டியது மூட்டையிலிருந்த பயற்றுக்கு.

இப்பொழுது எங்கள் வீட்டில் சனிக்கிழமை மதியம் என் முறை. சென்ற மாதம் கிள்ளானிலிருந்து என் மைத்துனர் வந்திருந்தார். தெங்கு கிளானா சாலையில் கடை வைத்துக் காலங்கழித்த பழைய மனிதர். சோற்றை மூன்று முறை கேட்டு வாங்கி, அந்தப் பயற்றோடு உண்டார். பிறகு கையைத் துடைத்துக்கொண்டு என் மனைவியிடம், “அக்கா, இதை எப்படிச் செய்தாய்? உன் தம்பி பொண்டாட்டிக்குச் சொல்லிக்கொடேன்” என்றார். என் மனைவி என்னைச் சுட்டிக் காட்டி, “அத்தானைக் கேள், உனக்கே சொல்லிக்கொடுப்பார்” என்றார்.

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். கிள்ளானுக்கு ரயில் எத்தனை மணிக்கு என்று கேட்டார்.