ரெண்டு நாழி தள்ளி

"நாளைக்கு எத்தனை மணிக்கு வரட்டும்மா?" என்று கேட்டேன். அந்த அம்மா கையில் கடிகாரம் இல்லை. வானத்தையும் பார்க்கவில்லை. கரையோரச் சுரபுன்னையின் வளைந்த வேரில் ஈரம் ஏறியிருந்த இடத்தை ஒருமுறை பார்த்துவிட்டு, "இன்னிக்கு வந்ததுலேர்ந்து ரெண்டு நாழி தள்ளி வாங்க தம்பி" என்றார்.

ஒரு நாழிகை 24 நிமிடம். இரண்டு நாழிகைக்கு 48. நிலா ஒவ்வொரு நாளும் ஏறத்தாழ 50 நிமிடம் தாமதமாக வருகிறது. அதோடு சேர்ந்து கடலின் ஏற்றமும் வற்றமும் அதே அளவு தள்ளிப் போகின்றன. பள்ளிக்கூடத்தில் படித்து மறந்துபோன இந்தக் கணக்கை, கிள்ளை அருகே ஒரு இருளர் குடியிருப்பில் இடுப்புவரை நனைந்து நின்ற ஒருவர் வாயிலிருந்து கேட்டபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது.

கிள்ளையை ஒட்டிய பிச்சாவரம் அலையாத்திக் காடு, சிதம்பரத்திலிருந்து அரை மணி நேரப் பேருந்துப் பயணம். வடக்கே வெள்ளாறும் தெற்கே கொள்ளிடமும் கடலில் கலக்கும் இடங்களுக்கு நடுவே, 51 திட்டுகள். 2022இல் ராம்சர் ஈரநிலமாக அறிவிக்கப்பட்ட இதன் பரப்பு ஏறத்தாழ 1,479 ஹெக்டேர். நீர் ஏறியிருக்கும்போது பார்த்தால் ஒரு திட்டுக்கும் தரை தெரியாது. மரங்கள் மட்டும் கும்பல் கும்பலாக மிதப்பதுபோல் இருக்கும். வற்றும்போதுதான் வேர்கள் வெளியே வருகின்றன, வேருக்கடியில் சேறு, சேற்றில் நண்டு வளை. காலையில் படகு போன வாய்க்கால் மத்தியானம் நடந்து கடக்கும் பள்ளமாகிவிடுகிறது. சுற்றுலாப் படகில் சீட்டு வாங்கி ஒரு மணி நேரம் சுற்றிவிட்டுத் திரும்புகிறவர்களுக்கு இந்த இரண்டில் ஒரு பிச்சாவரம்தான் கிடைக்கும்.

நான் போனது அந்த அம்மாவின் மகன் கழி ஊன்றிய சிறு படகில். கூட இன்னும் நான்கு பெண்கள். ஆழம் குறைந்த ஒரு கிளை வாய்க்காலில் எல்லாரும் இறங்கினார்கள். வலை இல்லை, தூண்டில் இல்லை. ஆளுக்கொரு பறி மட்டும். பனையோலையில் முடைந்த, வாய் குறுகிய கூடை. அதன் கயிற்றைப் பல்லால் கவ்விக்கொண்டு, தாடைவரை நீரில் அமிழ்ந்து, இரண்டு கைகளாலும் சேற்றைத் தடவிக்கொண்டே நகர்ந்தார்கள். வாயில் கயிறு இருப்பதால் பேச்சு இல்லை. வேலை நடக்கும்போது அந்த வாய்க்காலில் கேட்டதெல்லாம் மூச்சும் நீர் தளும்பும் ஓசையும்தான்.

கரையேறிய பிறகு அம்மா கையை விரித்து விளக்கினார். இறாலுக்கு நேரே கை கொண்டுபோகக் கூடாது. அது வாலை மடக்கிப் பின்பக்கமாகத்தான் பாயும். ஒரு கை முன்னால் மெல்ல வந்து தொட வேண்டும். இன்னொரு கை பின்னால் குழிந்து காத்திருக்க வேண்டும். "அதுவா வந்து கைக்குள்ள விழும் தம்பி. நாம புடிக்கிறதில்ல." முன்னால் போகிறவரின் காலடி பதிந்த குழியில் இறால் வந்து ஒதுங்குமாம், அதனால் பின்னால் வருகிறவருக்குப் பாடு கூடுதல் கிடைக்கும், வரிசையை முறைவைத்து மாற்றிக்கொள்கிறார்கள். கெளுத்தி முள்ளை விரல் நுனி முன்கூட்டியே அறிய வேண்டும். ஆளி ஓடு கீறும். அவர் உள்ளங்கையில் பழைய வெட்டுத் தழும்புகள் குறுக்கும் நெடுக்குமாகக் கிடந்தன. இதை 'தடவிப் பிடிப்பது' என்று இரண்டே சொல்லில் எழுதிவிட்டுப் போகிறோம். தறியில் உட்கார்ந்தவரையும் உலோகம் வார்ப்பவரையும் கைவினைஞர் என்கிற நாம், இந்தக் கைகளை ஏன் அந்தக் கணக்கில் சேர்ப்பதில்லை? இருளர் என்றதும் பாம்பு பிடிப்பது நினைவுக்கு வருகிற அளவுக்கு இந்தக் கடலோர இருளர்கள் நினைவுக்கு வருவதில்லை.

"அமாவாசை, பௌர்ணமிக்குத் தண்ணி நல்லா ஓடும். அஷ்டமி, நவமில சோம்பிக் கெடக்கும்" என்றார். இங்கே நீரின் ஏற்ற இறக்கம் பெரும்பாலும் ஒரு மீட்டருக்குள்தான். அந்தச் சின்ன அசைவில்தான் காடு மூச்சு விடுகிறது.

அது நின்றுபோனால் என்ன ஆகும் என்பதையும் பிச்சாவரம் பார்த்திருக்கிறது. வெள்ளைக்காரர் காலத்திலிருந்து 1970கள் வரை காட்டைக் கூப்பு கூப்பாகப் பிரித்து, முறைவைத்து மொட்டையாக வெட்டினார்கள். நிழல் போனதும் வெயிலில் சேற்றின் ஈரம் வற்றி, தரை தாழ்ந்து தட்டுபோலக் குழிந்தது. ஏறிவந்த நீர் திரும்பிப் போக வழியில்லாமல் அங்கேயே தேங்கி, காய்ந்து, உப்பாகிக்கொண்டே போனது. விதை விழுந்தாலும் முளைக்கவில்லை. சுற்றிலும் நாளுக்கு இரண்டு முறை நீர் வந்து போக, நடுவே அந்த இடங்களில் மட்டும் பல ஆண்டுகள் ஒன்றுமே நகரவில்லை. 1990களில் எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் ஊர்மக்களும் சேர்ந்து மீன்முள் வடிவில் வாய்க்கால் வெட்டினார்கள்: நடுவில் ஒரு பெரிய வாய்க்கால், இரு பக்கமும் சாய்வாகக் கிளைகள். நீர் மறுபடி வந்து போகத் தொடங்கியது. நட்ட கன்றுகள் பிடித்துக்கொண்டன. 2004 டிசம்பர் 26 அன்று கடல் எழுந்து வந்தபோது, இந்த மரங்களுக்குப் பின்னால் இருந்த ஊர்களில் சேதம் குறைந்தது. அந்த நாளைப் பற்றி அம்மா அதிகம் பேசவில்லை. "மரம் வாங்கிக்கிச்சு" என்று மட்டும் சொன்னார்.

திரும்பும் வழியில் ஒரு தில்லை மரத்தைக் காட்டி, "பால் கண்ணுல பட்டா பார்வை போயிடும், ஒதுங்கி உக்காருங்க" என்றார் மகன். சிதம்பரத்துக்குத் தில்லை என்று பெயர் தந்த மரம். அந்த ஊரின் தெருக்களில் தேடினாலும் இப்போது தில்லை வனம் கிடைக்காது. கோயிலின் தலமரத்தைக் காடாகப் பார்க்க இங்கேதான் வரவேண்டியிருக்கிறது.

மறுநாள் அவர் சொன்னபடி இரண்டு நாழிகை தள்ளிப் போனேன். வேரில் ஈரம் அதே இடத்தில் இருந்தது. பெண்கள் ஏற்கெனவே நீருக்குள் இருந்தார்கள். மரத்திலேயே முளைவிட்டு விழுந்த ஒரு நீளமான சுரபுன்னை நாற்று, செங்குத்தாக மிதந்தபடி, வற்றும் நீரோடு முகத்துவாரம் பக்கம் போய்க்கொண்டிருந்தது. அதையே வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். ஓரிடத்தில் தயங்கியது. பிறகு நின்றது. பிறகு, கண்ணுக்குத் தெரியாத அளவு மெல்ல, காட்டை நோக்கித் திரும்பி வரத் தொடங்கியது.

தலையைத் தூக்கினேன். யாரும் யாரையும் கூப்பிடவில்லை. ஐந்து பேரும் பறியோடு எழுந்து நின்றிருந்தார்கள்.