ரத்தக்கண்ணீர் நாகபூஷணம்

2023இல் 'மோசகாள்ளக்கு மோசகாடு' மீண்டும் திரைக்கு வந்தபோது திருப்பதியில் பார்த்தேன். 1971இல் வந்த தெலுங்கு கௌபாய் படம். குதிரை, துப்பாக்கி, விசில் எல்லாம் கிருஷ்ணாவுக்கு. என் கண்ணோ நாகபூஷணத்தின் மேல். நம்பவும் முடியாத, வெறுக்கவும் முடியாத கூட்டாளி; செர்ஜியோ லியோனி படத்தில் ஈலை வாலக் செய்த மாதிரி வேடம்.

சித்தூரில் என் அப்பா அவரை 'ரக்தகண்ணீரு' என்றுதான் சொல்வார். எம்.ஆர். ராதா தமிழில் கொடிகட்டிப் பறந்த நாடகத்தைத் தெலுங்கில் ஊர் ஊராக நடத்தியவர். 1995இல் மறையும்வரை அதுவே அவருக்கு அடைமொழி.

ஆக, இரண்டுமே இரவல் வேடங்கள். மொழிபெயர்ப்பு இரவல் சரக்கு என்று ஒரு பத்திரிகை ஆசிரியர் என்னிடம் சொன்னபோது பதில் தோன்றவில்லை. திரையில் நாகபூஷணம் இழுத்து இழுத்துப் பேசிய தெலுங்கில் ராதாவும் இல்லை, வாலக்கும் இல்லை. அப்பா இருந்திருந்தால் அங்கேயே நாடக வசனத்தை ஆரம்பித்திருப்பார்.